கணக்கு நின்ற இடம்

ஜூலை 7, திங்கள்

வெளியே ஆனிச் சாரல். லேபில் எங்கள் மாத்தூர் தொட்டிப்பாலம் மூன்றாம் முறையாக விழுந்தது. தொட்டியில் தண்ணீர் கொண்டுபோக 1966-இல் கட்டிய பாலம். 28 தூண், 115 அடி உயரம். இறுதியாண்டு மாணவன் ஒருவன் அதைக் கணினியில் எழுப்பி, தொட்டி நிறையத் தண்ணீர் ஏற்றிப் பார்க்கிறான். கணக்கைத் தீர்க்கும் சால்வர் தொடங்கியதுமே மென்பொருள் மூடிக்கொள்கிறது. பிழைச்செய்தி ஒரு வரிகூட இல்லை. "ராம் போதாதாக்கும் சார்" என்றான். ஊகத்துக்குக் காசு செலவழிக்க வேண்டாம், முதலில் லாக் ஃபைலைப் படி என்றேன்.

ஜூலை 8

லாக் ஃபைலே உருவாகவில்லை. துப்பு அதில்தான் இருந்தது: சால்வரால் எழுதவே முடியவில்லை. ஃபோல்டருக்குத் தமிழில் 'மாத்தூர்' என்று பெயர் வைத்திருந்தான். ஆங்கில எழுத்துக்கு மாற்றியதும் ஓடியது. பழைய நிரல்கள் பலவற்றுக்கு இன்னும் தமிழ் எழுத்து படிக்கத் தெரியாது. சொந்த ஊரின் பெயரைச் சொந்த எழுத்தில் எழுதியதற்காக ஒரு பையனின் நாள் வீணாவது எனக்குப் பொறுக்கவில்லை.

ஜூலை 9

இன்று நாற்பது நிமிடம் ஓடி நின்றது. டாஸ்க் மேனேஜரைத் திறந்துவைத்துக் காவலிருந்தோம். 16 ஜிபி நிரம்பும் நொடியில் விழுகிறது. பையன் சொன்ன ராம்தான், ஆனால் ராம் வாங்கித் தீர்க்கிற வியாதியல்ல. கணக்குக்காகப் பாலத்தைச் சிறு துண்டுகளாக, எலிமென்ட்டுகளாக, பிரிக்கும் வலைதான் மெஷ். 28 தூணுக்கும் ஒரே பொடி மெஷ் போட்டிருந்தான். மெஷ் அளவை மூன்று திசையிலும் பாதியாக்கினால் எலிமென்ட் எட்டு மடங்காகும். மூன்று தூணை மட்டும் வைத்துக்கொண்டு, தொட்டி தூணில் உட்காரும் இடத்தில் மட்டும் மெஷ்ஷை நெருக்கினோம். பதினொரு நிமிடத்தில் முடிந்தது.

ஜூலை 10

விடையை நம்ப மனம் வரவில்லை. தண்ணீர் பாரத்தை மட்டும் தனியே ஏற்றிப் பார்த்தேன். தொட்டி ஏழரை அடி அகலம், ஏழடி உயரம். நிறைந்தால் மீட்டர் நீளத்துக்கு ஏறக்குறைய 4.9 டன். தூண்களில் இறங்கியதாகக் கணினி காட்டியது அதில் சரிபாதி. பக்கச் சுவருக்கான சராசரி அழுத்தத்தையே தரைக்கும் கொடுத்திருந்தான்; அது தரை அழுத்தத்தில் பாதிதான். மூன்று நாள் விழுந்து விழுந்து எழுந்த மென்பொருள் இதற்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை.

நார்வேயின் ஸ்லைப்னர் ஏ மேடையைப் பற்றி அவனிடம் சொன்னேன். கடலில் நிறுத்தக் கட்டிய கான்கிரீட் மேடை. அதன் கணினிக் கணக்கில் ஒரு மூலையில் மெஷ் சரியில்லை. வெட்டுவிசை 47 சதவீதம் குறைவாக வந்தது. கணக்கு நிற்காமல் ஓடி முடிந்தது. 1991 ஆகஸ்ட் 23 அன்று சோதனைக்காகத் தண்ணீரில் தாழ்த்தும்போது சுவர் பிளந்து மேடை மூழ்கியது. "கணக்கு நின்னா நீ தேடுவே மக்கா. ஓடி முடிஞ்சா யாரு தேடுவா?"

ஜூலை 11

அழுத்தத்தைத் திருத்தி ஓட்டினோம். கணினியில் மீட்டருக்கு 4.88 டன், கையால் போட்டாலும் 4.88. பையன் நோட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டான். நாளை சனிக்கிழமை. தொட்டியின் உள் அளவை நேரில் எடுக்க டேப்போடு மாத்தூர் போகிறோம்.