இரண்டு அண்டங்களுக்கு இடையே ஓர் இயந்திரம்

விலை கொடாது பெறத்தக்க பொருள் ஏதேனும் உலகில் உண்டா? பௌதிகம் கற்பிப்போருக்கு இவ்வினா புதியதன்று. சக்தியை ஆக்கவும் இயலாது, அழிக்கவும் இயலாது. ஒரு வடிவிலிருந்து மற்றொரு வடிவிற்கு மாற்றவே இயலும் என்பதை ஆண்டுதோறும் கரும்பலகையில் எழுதுகிறோம். மாணவரும் மனனஞ் செய்து பரீட்சையில் ஒப்புவித்துவிடுகின்றனர். ஆயின், என் வகுப்பில் அவ்விதி உள்ளத்திற் சென்று தைத்தது ஒரு கற்பனைக் கதையாலேயே.

அக்கதையை எழுதியவர் அமெரிக்க ஆசிரியரான ஐசாக் அசிமோவ். நாவல் 1972இல் வெளிவந்தது. அதன் தலைப்பைத் தமிழில் 'தேவர்களே கூட' எனலாம். அது பிறந்த வரலாறே சுவையானது. நண்பரான ரொபேர்ட் சில்வர்பேர்க் ஒருமுறை பேச்சிடையே 'புளூத்தோனியம்-186' என்று ஒரு பெயரைக் கூறினார். அத்தகைய சமதானி இருக்கவே முடியாது என்றார் அசிமோவ். புளூத்தோனியத்தின் கருவில் 94 புரோத்தன்கள் உள்ளன. ஒன்றையொன்று தள்ளும் அவற்றைப் பிணித்து வைக்க நியூத்திரன்கள் ஏராளமாக வேண்டும். புளூத்தோனியம்-239இல் அவை 145. 186 எனின் எஞ்சுவன 92 மாத்திரமே. அக்கரு நிலைத்து நில்லாது. நம் அண்டத்தில் நில்லாதது வேறோர் அண்டத்தில் நிற்குமாயின்? இவ்வினாவே கதைக்கு வித்தாயிற்று.

கதையில் ஹலாம் என்னும் விஞ்ஞானியின் மேசை மீதிருந்த தங்குதன் உலோகம், ஒருநாள் புளூத்தோனியம்-186 ஆக மாறிக் கிடக்கின்றது. கருவைப் பிணிக்கும் விசை மிக வலிதாயுள்ள மற்றோர் அண்டத்தினர் அதனை மாற்றி வைத்துள்ளனர். இங்கு வந்த புளூத்தோனியம் இருபது பொசித்திரன்களை உமிழ்ந்து மீண்டும் தங்குதனாகின்றது. அங்கு சென்ற தங்குதனோ இருபது இலத்திரன்களை உமிழ்ந்து புளூத்தோனியமாகின்றது. இருபுறமும் இலாபம்! புகையில்லை, சாம்பலில்லை, செலவில்லை. 'இலத்திரன் பம்பி' எனும் அவ்வியந்திரத்தால் உலகெங்கும் ஒளி பரவுகின்றது. இயந்திரத்தின் மூளை மறுபுறத்தாருடையது; புகழோ ஹலாமுக்கு.

பலவாகிய அண்டங்கள் என்ற எண்ணம் நமக்குப் புதிதன்று. மாணிக்கவாசகர் திருவண்டப் பகுதியிற் கோடிக்கணக்கான அண்டங்களைப் பேசுகின்றார். 1957இல் ஹியூ எவரெட் என்ற அமெரிக்கர் சொட்டுப் பௌதிகத்தின் சமன்பாடுகளுக்குப் பல உலகங்கள் என்னும் விளக்கத்திற்கு வழிவகுத்தார். முன்னது பக்தியின் வியப்பு. பின்னது கணிதத்தின் விளக்கம். ஒன்றுக்கு மற்றொன்று சான்றாகாது என்பதை மாணவர் மறத்தலாகாது.

கதைக்கு வருவோம். பண்டங்கள் மாறும்போது, இரு அண்டங்களின் விதிகளும் மெல்லக் கலக்கின்றன. நம் பக்கத்திற் கருவிசை வலுக்க, ஞாயிறு விரைந்து எரிந்து வெடிக்கலாம் என்பதை இலமொன்ற் என்ற இளைஞர் கணிக்கின்றார். எவரும் செவிசாய்க்கவில்லை. பொய்யெனக் காட்டியன்று, விளக்கை அணைக்க விரும்பாமையால்!

இவ்விடத்திற் கதையை நிறுத்தி, "நீங்கள் அதிகாரத்திலிருந்தால் பம்பியை நிறுத்துவீர்களா?" என்று வகுப்பிற் கேட்டேன். முதலில் உறுதிப்படுத்த வேண்டும் என்றனர் பலர். பின்வரிசை மாணவன் ஒருவன் எழுந்தான். "ஐயா, எங்கள் வீட்டுக்கு விளக்கு வந்து சில காலந்தான். அணைக்கச் சொல்பவர் முதலில் தம் விளக்கை அணைத்தாரா?"

அவ்வினா என்னை அன்று முழுவதும் விடவில்லை. நம் உலகிலும் ஒரு பம்பி இயங்குகின்றதன்றோ? 1958இல் சாள்ஸ் கீலிங் ஹவாய்த் தீவின் மௌனா லோவா மலையிற் காற்றை அளக்கத் தொடங்கியபோது, அதன் பத்து இலட்சம் பங்கிற் கரியமிலவாயு ஏறத்தாழ 315 பங்கு. 2024இல் அது 420ஐக் கடந்திருந்தது. அப்புகையிற் பெரும்பங்கைச் சேர்த்தவை செல்வ நாடுகளே. நம்போன்றோர் பிந்தி வந்தவர்கள். ஆகவே மாணவன் கேட்டது நியாயமே. ஆயினும், வெயில் ஏறும்போது எவர் புகையென்று அது வினவுவதில்லை. மறுநாள் அவனுக்கு இதைத்தான் கூறினேன்: "முதலில் அணைக்க வேண்டியவர் யாரென்று கேட்பது உன் உரிமை. அவர் அணைக்கும்வரை எண்ணாதிருப்பது உரிமையன்று."

அவன் உடன்படவில்லை. "அப்படியாயின் வேறு விளக்குத் தேடுவோம்" என்றான். அசிமோவின் கதையும் அவ்வாறே முடிகின்றது என்பதை அவன் அறியான். சந்திரனில் வாழும் டெனிசன் என்பவர், கருவிசை மெலிந்த மூன்றாவது அண்டமொன்றிலிருந்தும் சக்தி பெற்றால் இரு கேடுகளும் ஒன்றையொன்று ஈடுசெய்யும் எனக் கண்டார். இவரோ முன்னர் ஹலாமின் பகையால் தம் தொழிலையே இழந்தவர்.

நமக்கு மூன்றாவது அண்டம் வாய்க்கப் போவதில்லை. வெயிலும் காற்றும் வாய்த்திருக்கின்றன. அவற்றிற்கும் விலையுண்டு, பௌதிக விதி எவருக்கும் தளராது. பெற்ற ஒளிக்கு விலை கொடுப்பவர் நாமா, நம் பிள்ளைகளா என்பதே வினா. அதனை இளையோர் கேட்கத் தொடங்கிவிட்டனர். மூத்தோர் நாமும் கேட்போமாக.