கோ-ஃபவுண்டர் என்ற சொல் சட்டத்தில் இல்லை

தோழர்களே, இது கொஞ்சம் புதிய பஞ்சாயத்து. குடிமனைப் பட்டா, கல்வி உதவித்தொகை, விடுதிச் சாப்பாடு என்று வந்துகொண்டிருந்த நம் பிள்ளைகள் இப்போது, "நான் கோ-ஃபவுண்டரா இல்லையா?" என்று கேட்டு வருகிறார்கள். விழுப்புரம் காகுப்பத்திலும் திண்டிவனம் மேல்பாக்கத்திலும் அண்ணா பல்கலைக்கழகப் பொறியியல் கல்லூரிகள் வந்து பல ஆண்டுகள் ஆகிவிட்டன. 2024 பிப்ரவரியில் வானூர் வட்டம் திருச்சிற்றம்பலத்தில் மினி டைடல் பூங்காவும் திறந்தார்கள். கம்பெனி தொடங்கும் ஆசை காலனித் தெருவுக்கும் வந்துவிட்டது. வரட்டும்.

போன ஆண்டு என்னிடம் வந்த தம்பிக்குத் திண்டிவனம் பக்கத்தில் ஒரு கிராமம். கல்லூரி நண்பர்கள் மூன்று பேர். நெல்லும் மல்லாட்டையும் மண்டிக்கு ஏற்ற விவசாயிகள் போனிலேயே வண்டி பிடிக்க ஒரு செயலி செய்தார்கள். புரோகிராம் முழுக்க இவன் எழுதியது. ஒருவனுடைய அப்பா பணம் போட்டார், இன்னொருவன் மண்டிக்காரர்களிடம் பேசினான். ஒன்றரை வருடம் இவன் ஒரு ரூபாய் சம்பளம் வாங்கவில்லை. "மூணு பேரும்தான்டா ஓனரு" என்று டீக்கடையில் பேசிக்கொண்டதுதான் ஒப்பந்தம். கம்பெனியைப் பதிவு செய்தபோது இரண்டு பெயர்தான் போனது. "உன்ன அப்புறம் சேத்துக்கலாம்" என்றார்களாம். முதலீடு செய்ய ஒருவர் வந்ததும் இவன் கைக்கு ஒரு வேலை நியமனக் கடிதம் வந்தது. பதவி, டெக் ஹெட். தேதியோ ஒன்றரை வருடம் முந்தியது.

"ஃப்ரெண்ட்ஸ், தோழர். சாதியெல்லாம் பாக்கமாட்டானுங்க" என்றான். பார்த்திருக்க மாட்டார்கள்தான், ஒரே தட்டில் சாப்பிட்டவர்கள். ஆனால் பதிவில் யார் பெயர் என்று முடிவு செய்தவர் பணம் போட்ட அப்பா. எந்தத் தெருப் பிள்ளை ஒன்றரை வருடம் சும்மா உழைத்துவிட்டும் வாய் திறக்கமாட்டான் என்று அவருக்குத் தெரியும். சாதி என்ற சொல்லே அங்கே தேவைப்படவில்லை.

நம் பிள்ளைகள் அறியவேண்டியது ஒன்று உண்டு. 2013ஆம் ஆண்டின் கம்பெனிச் சட்டத்தில் 'கோ-ஃபவுண்டர்' என்று ஒருவரே கிடையாது. மெமோராண்டத்தில் கையெழுத்திட்டவர், பங்குதாரர், இயக்குநர், புரமோட்டர், இவ்வளவுதான். கோ-ஃபவுண்டர் என்பது விசிட்டிங் கார்டில் அச்சடிப்பது, கொடுத்தவரே பிடுங்கிக்கொள்ளலாம். டெஸ்லாவை 2003இல் பதிவு செய்தவர்கள் மார்ட்டின் எபர்ஹார்டும் மார்க் டார்பென்னிங்கும். ஈலான் மஸ்க் 2004இல் பணத்தோடு வந்தவர். 2009இல் எபர்ஹார்டு வழக்குப் போட, கடைசியில் மஸ்க் உட்பட ஐந்து பேருமே நிறுவனர்கள் என்று சமரசம் ஆனது. இங்கே பாரத்பே கம்பெனியில், 2022 மார்ச்சில் அஷ்னீர் குரோவர் இனி ஊழியரும் இல்லை, நிறுவனரும் இல்லை என்று கம்பெனியே அறிவித்தது. தொடக்கத்திலிருந்தே கூட இருந்த பாவிக் கொலாடியா, தான் மாற்றிக் கொடுத்த பங்குகளுக்காக அதே குரோவர் மீது தில்லி உயர் நீதிமன்றம் போனார். இவர்களெல்லாம் வக்கீல் வைக்க வசதி உள்ளவர்கள். நூறுநாள் வேலைக்குப் போகும் அம்மாவின் மகன் எங்கே போவான்?

அவன் கையிலும் ஒரு ஆயுதம் இருந்தது, அவனுக்குத்தான் தெரியவில்லை. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரலை இலக்கியப் படைப்பாகக் கணக்கில் கொள்கிறது. வேலைக்காரராக இருந்து எழுதினால் பொதுவாக அது முதலாளிக்குச் சொந்தம். அப்படி இல்லாதபோது எழுதியவரே முதல் உரிமையாளர். அதை இன்னொருவருக்கு மாற்ற எழுத்துமூலமான, கையெழுத்திட்ட ஆவணம் வேண்டும். சம்பளச் சீட்டு இல்லை, ஒப்பந்தம் இல்லை, ஆனால் எந்த வரியை எந்த நாளில் யார் எழுதினார் என்ற கிட் பதிவு முழுவதும் அவன் பெயரில் இருக்கிறது. பழைய தேதி போட்ட கடிதம் எதற்கு என்று இப்போது புரிகிறதா? அதில் கையெழுத்திட்டால் அவன் முதல் நாளிலிருந்தே கூலிக்காரன், நிரல் கம்பெனிச் சொத்து.

இதற்கு நேர்மாறான கூத்தும் நடக்கிறது. ஒன்றிய அரசு 2015இல் பட்டியல் சாதித் தொழில்முனைவோருக்கென ஒரு துணிகர முதலீட்டு நிதியைத் தொடங்கியது. தமிழ்நாடு அரசும் 2022-23 பட்ஜெட்டில் பட்டியல் சாதி, பழங்குடியினர் புத்தொழில்களுக்கு 30 கோடி ஒதுக்கியது. ஒன்றிய நிதிக்கு 51 சதவீதப் பங்கும் நிர்வாகக் கட்டுப்பாடும் நம்மவர் கையில் இருக்கவேண்டும். உடனே, "தம்பி, ஒன் பேர மட்டும் குடு" என்று வருகிறார்கள். விழுப்புரத்தில் ஒரு பெண்ணுக்கு அப்படித்தான் 51 சதவீதம் எழுதினார்கள். வங்கிக் கணக்கின் கடவுச்சொல்கூட அவளுக்குத் தெரியாது. நாளைக்குக் கடன் நின்றால் நோட்டீஸ் மட்டும் அவள் வீட்டுக்கு வரும்.

இது நமக்குப் பழகிய கதை. 1892இல் ஒதுக்கிய பஞ்சமி நிலத்தைப் பத்து ஆண்டு விற்கக்கூடாது, பிறகும் நம்மவருக்கே விற்கவேண்டும் என்று நிபந்தனை இருந்தது. அப்படியும் நிலம் போனது. அதைத் திருப்பிக் கேட்டதற்காகத்தான் 1994இல் காரணையில் ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் செத்தார்கள்.

தம்பி அந்தக் கடிதத்தில் கையெழுத்துப் போடவில்லை. மூன்றில் ஒரு பங்கு கேட்டு எழுதிக் கொடுத்தான். பதிலுக்கு ஐந்து சதவீதமும் 'கோ-ஃபவுண்டர்' பட்டமும் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். பட்டம் வேண்டாம், பங்கைப் பேசுவோம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன். முதலீட்டாளரும் நிரல் யாருடையது என்று கேட்க ஆரம்பித்துவிட்டாராம், அதனால் பேச்சு சூடாகத்தான் போகிறது.

உங்களில் யார் கைக்காவது இப்படிக் கடிதம் வந்திருந்தால், கையெழுத்துக்கு முன்னால் கொண்டுவந்து காட்டுங்கள். கிட் பதிவையும் வாட்ஸ்அப் பேச்சையும் அழித்துவிடாதீர்கள்.