எரிந்த சுவரும் பூசிய சுவரும்

சின்னமனூரிலிருந்து மேகமலைக்கு 18 கொண்டை ஊசி வளைவுகள். தமிழ்த்துறை மாணவர்களோடு சென்ற ஆண்டு அங்குச் சென்றிருந்தபோது மழைக்காகத் தேயிலைத் தோட்டத்துப் பழைய கட்டடம் ஒன்றில் ஒதுங்கினோம். கூரை பாதி சரிந்திருந்தது. “ஐயா, இதைப் பழையபடியே எடுத்துக் கட்டுவதா, இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டுவதா, எது முறை?” என்று ஒரு மாணவர் வினவினார். எனக்கு யாழ்ப்பாணம் நினைவில் எழுந்தது.

சென்னைக் கட்டடக் கலைஞர் நரசிம்மன் திராவிடப் பாணியில் வரைந்து தந்த யாழ்ப்பாணப் பொது நூலகம் 1959இல் திறக்கப்பெற்றது. 1981ஆம் ஆண்டு சூன் தொடக்கத்தில் தீக்கிரையானது. ஏறத்தாழ 97,000 நூல்களும் ஓலைச்சுவடிகளும் சாம்பலாயின. 1984இல் ஒரு பகுதி மீண்டும் திறக்கப்பட்டது. மறு ஆண்டே போர் அதனையும் சிதைத்தது. 1998இல் தொடங்கிய சீரமைப்பில் நூலகம் முன்னைத் தோற்றத்திலேயே எழுந்தது. அதன் கட்டடக் கலைஞர் வி.எஸ்.துரைராஜா அவ்வரலாற்றை 2007இல் நூலாக்கினார்.

கரிபடிந்த சுவர்கள் சான்றாக நிற்கட்டும், வெள்ளை பூசுவது கொடுமையை மறைப்பதாகும் என்றோர் உண்டு. ஒரு முழச் சுவரையேனும் கரியோடு விட்டுவைக்க வேண்டும் என்பதே என் கட்சியும். ஆயினும் இது தொலைவிலிருப்பவன் கூற்று. அவ்வூர்ப் பிள்ளைக்கு வேண்டியது, அமர்ந்து படிக்க ஒரு கூரை. கட்டடக் கலைஞர் அந்தப் பிள்ளையையும் எண்ணித்தானே வரைய வேண்டும்?

இளமையில் யாழ்ப்பாணம் பெரியகடையில் ஒரு துணிக்கடையில் வேலை பார்த்தவர் என் அத்தா. நூலகம் எழுந்த செய்தியைச் சொன்னபோது அவர் கேட்டது ஒன்றுதான்: “அது எழுந்தது சரிப்பா. சோனகத் தெரு எழுந்ததா?”

1990 அக்டோபர் 30 அன்று யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் சில மணி நேரத்திற்குள் ஊரைவிட்டு நீங்குமாறு விடுதலைப் புலிகளால் பணிக்கப்பட்டனர். கட்டளையும் தமிழில், அதைக் கேட்டு அழுததும் தமிழில். பெரும்பாலோர் புத்தளத்தில் ஏதிலிகளாயினர். ஆளற்ற வீடுகள் கூரையும் கதவும் இழந்தன. அங்கும் மீட்டெடுப்புத் தேவைப்பட்டது. அதற்கு வரைபடம் மட்டும் போதாது, அண்டை வீட்டாரின் மனமும் வேண்டும்.

1981ஐ நான் ஆண்டுதோறும் வகுப்பில் சொல்லி வந்திருக்கிறேன். 1990ஐச் சொன்னதில்லை. இனப்பற்று குறைந்தவன் என்று எவரேனும் எண்ணிவிடுவரோ என்னும் அச்சமே காரணம். அன்று அந்த ஒழுகும் கூரையின்கீழ் இரண்டையும் சொன்னேன்.

மழை விட்டது. மலை இறங்கும்போது அதே மாணவர் முன்னிருக்கைக்கு வந்தார்.

“அவர்கள் திரும்பி வந்தார்களா, ஐயா?”

“சிலர்” என்றேன்.