மறுக்கக் கற்றோம்

வருகின்றவர் அனைவரையும் ஏற்பதே தொழில் தருமம் என்று நெடுங்காலம் நம்பியிருந்தோம். 1998ஆம் ஆண்டு நாங்கள் இருவரும் திண்டுக்கல்லில் தணிக்கை அலுவலகம் திறந்தபோது, முதன்முதலாகக் கணக்குப் புத்தகத்துடன் படியேறி வந்தவர் ஒரு மளிகைக் கடைப் பெரியவர். அவரைத் தொடர்ந்து பூட்டுப் பட்டறையினர், தோல் வணிகர், லாரி உரிமையாளர், அறக்கட்டளையினர் எனப் பலரும் வந்தனர். எவரையும் நாங்கள் மறுத்ததில்லை.

2017 ஜூலை முதல் நாள் சரக்கு மற்றும் சேவை வரி நடைமுறைக்கு வந்தது. மாதந்தோறும் 20ஆம் தேதி நெருங்கினால் அலுவலகத்தில் இரவும் பகலும் ஒன்றாயின. அந்த நெருக்கடியில் ஒரு தவறு நேர்ந்தது. ஆதரவற்ற சிறுவர் இல்லம் ஒன்றின் வெளிநாட்டு நன்கொடைக் கணக்கில் உள்ளூர்ப் பணமும் சேர்ந்துவிட்டது. இரண்டும் கலத்தலாகாது என்பது 2010ஆம் ஆண்டுச் சட்டத்தின் விதி. உடனே கண்டு சொல்ல வேண்டிய நாங்கள் எட்டு மாதம் கழித்தே கண்டோம். ஐந்தாண்டுக்கு ஒருமுறை பெற வேண்டிய பதிவுப் புதுப்பிப்பு அதனால் தாமதமாயிற்று. பிள்ளைகளின் பள்ளிக் கட்டணத்திற்கு இல்லத்தார் கடன் வாங்கினர். எங்களை அவர்கள் கடிந்துகொள்ளவில்லை. அதுவே எங்களைப் பெரிதும் வருத்தியது.

இனி அறக்கட்டளைக் கணக்குகளை மட்டுமே ஏற்பது என்று 2019இல் முடிவு செய்தோம். வருமானம் பாதியாகும் என்று வீட்டார் அஞ்சினர். முதல் ஆண்டில் அவ்வாறே ஆயிற்று. அதனினும் கடினமாக இருந்தது, மளிகைக் கடைப் பெரியவரிடம் சொல்வது.

"இருபது ஆண்டாக என் கணக்கு உங்களிடம்தானே இருந்தது, தம்பி? இப்போது நான் எங்கே போவேன்?" என்றார். எங்களுக்கு நா எழவில்லை. வணிக வரியில் தேர்ந்த இளைஞர் ஒருவரை அவரிடம் அழைத்துச் சென்றோம். மூன்று மாதம் உடனிருந்து கணக்குகளை ஒப்படைத்தோம். மற்றவர்களுக்கும் அவ்வாறே செய்தோம்.

2020 செப்டம்பரில் வெளிநாட்டு நன்கொடைச் சட்டம் திருத்தப்பட்டது. நன்கொடை முதலில் புதுதில்லியிலுள்ள பாரத ஸ்டேட் வங்கியின் முதன்மைக் கிளைக்கே வந்து சேர வேண்டும். நிர்வாகச் செலவின் உச்சவரம்பு 50 விழுக்காட்டிலிருந்து 20 ஆயிற்று. அந்த வாரமே வரிவரியாகப் படித்து, ஒவ்வொரு இல்லத்தாருக்கும் எடுத்துரைத்தோம். முன்னைய நிலையில் அதைப் படிக்கவும் பொழுது கிடைத்திராது.

எங்கள் இரு வீட்டு மளிகையும் இன்றும் அந்தப் பெரியவர் கடையிலிருந்தே வருகிறது. "புதுத் தம்பி நன்றாகப் பார்க்கிறார்" என்று ஒருநாள் அவரே சொன்னார். நம்மால் முழுமையாகச் செய்ய இயலாததைச் செய்ய வல்லவரிடம் ஒப்படைப்பதும் ஒரு பணியே அன்றோ!