முன்னே பறந்தவர்

என் பேரன் பிறந்து இரண்டு திங்கள் ஆகின்றன. சென்ற வாரம் அவன் வீறிட்டு அழுதபோது, அருகிலிருந்த என் மகன் செய்வதறியாது கைகளைப் பிசைந்துகொண்டு நின்றான். "எப்படிப்பா தூக்குவது?" என்று என்னைக் கேட்டான். எனக்கும் தெரியவில்லை. அவன் கைக்குழந்தையாக இருந்த நாட்களில் நான் அவனைத் தூக்கியதே அரிது. பத்து வயதில் அவனை விடுதியில் சேர்த்தேன். கட்டணத்தை ஒரு மாதமும் தவறாது செலுத்தினேன். என் கடமை அத்துடன் முடிந்ததென்றே எண்ணியிருந்தேன்.

அன்றிரவு உறக்கம் வரவில்லை. என்றோ படித்த பில் லிஷ்மன் என்பவரின் வரலாறு நினைவுக்கு வந்தது. 1939-இல் பிறந்த அவர், கனடா நாட்டின் ஒண்டாரியோ மாகாணத்தில் வாழ்ந்த சிற்பி. ஓடிச்சென்று காற்றில் எழும்பும் ஹாங் கிளைடர் என்னும் சிறகு ஊர்தியில் சிறு எஞ்சினைப் பொருத்திப் பறந்த முன்னோடிகளுள் ஒருவர். பறவைகளோடு சேர்ந்து பறக்க வேண்டும் என்பது அவரது தீராத வேட்கை.

முட்டையிலிருந்து வெளிவரும் வாத்துக்குஞ்சு, தன் கண்முன் முதலில் அசைவதையே தாயென நம்பிப் பின்தொடரும். இதனை அறிந்த லிஷ்மன், கனடா வாத்துக் குஞ்சுகளைத் தாமே வளர்த்து, எஞ்சின் ஓசைக்கும் பழக்கினார். 1988-இல் அவை அவருடைய ஊர்தியைத் தொடர்ந்து வானில் அணிவகுத்தன. அந்த அற்புதக் காட்சி 'கமான் கீஸ்' என்னும் ஆவணப்படமாயிற்று.

குளிர்காலத்தில் தெற்கே செல்லும் வழியை இப்பறவைகள் பெற்றோரின் பின்னே பறந்துதான் அறிகின்றன. பெற்றோரற்ற குஞ்சுகளுக்கு அதை யார் காட்டுவது? 1993-இல் லிஷ்மனும் ஜோசப் டஃப் என்பவரும் பதினெட்டு வாத்துகளுக்கு முன்னே பறந்து, ஒண்டாரியோவிலிருந்து அமெரிக்காவின் வர்ஜீனியாவரை, ஏறத்தாழ 640 கிலோமீட்டர் அழைத்துச் சென்றனர். அடுத்த வசந்தத்தில் அவற்றுள் பெரும்பாலானவை தாமாகவே வீடு திரும்பின.

அதே முறையில், அழிவின் விளிம்பிலிருந்த ஊப்பிங் கிரேன் எனும் பெருங்கொக்குகளுக்கும் 2001 முதல் விஸ்கான்சினிலிருந்து ஃபுளோரிடாவுக்கு வழி காட்டப்பட்டது. குஞ்சுகள் மனிதரோடு ஒட்டிவிடாதிருக்க, வளர்த்தோர் வெள்ளை அங்கியால் உடலை மறைத்துக்கொண்டு, அவற்றின்முன் வாய்திறவாதிருந்தனர். கொக்குகள் வழியைப் பிழையின்றிக் கற்றன. வளர்ந்து, இணைசேர்ந்து, முட்டையும் இட்டன. ஆனால் தம் குஞ்சுகளை வளர்த்து ஆளாக்கியவை மிகச் சிலவே. பெற்றோரின் அரவணைப்பின்றி வளர்ந்ததும் இதற்கொரு காரணமாகலாம் எனக் கருதிய அமெரிக்க வனவிலங்குத் துறை, 2016-இல் விமான வழிகாட்டலை நிறுத்த முடிவெடுத்தது. மறு ஆண்டின் இறுதியில் லிஷ்மன் காலமானார்.

அந்தக் கொக்குகளின் கதை என் நெஞ்சைச் சுட்டது. படிப்புக்கும் வேலைக்கும் என் மகனுக்கு வழிகாட்டிவிட்டேன்; அவன் தொலைதூரம் பறந்தும்விட்டான். ஆனால் தந்தையாயிருப்பது எப்படியென்று அவன் யாரிடம் கண்டிருப்பான்? நானும் வெள்ளை அங்கிக்குள் மறைந்து, வாய்திறவாமல் சோறிட்டவன்தானே!

மறுநாள் மருமகளிடம் வெட்கத்தை விட்டுக் கேட்டேன். "ஒரு கையைத் தலைக்கு அடியில் கொடுங்கள், மாமா" என்றாள். நடுங்கும் கரங்களால் பேரனை ஏந்தி என் தோளில் சாய்த்துக்கொண்டேன். சற்று நேரத்தில் அழுகை ஓய்ந்தது. என் மகன் இமைக்காமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு அருகில் வந்து, தன் கைகளை நீட்டினான்.