திண்டுக்கல் சமவெளியில் உப்பு

திண்டுக்கல் மலைக்கோட்டையின் மேல் நின்று நோக்கினால், சிறுமலை நீலத் திரைபோலத் தோன்றும். கீழே விரிந்த சமவெளியின் ஊர்களுக்கு, நோயுற்றோரைக் காண மாதந்தோறும் நாம் சென்று வருவதுண்டு.

இங்குப் பல கிணறுகளின் நீரை வாயில் வைத்தால் முகம் சுளிக்க நேரும். கடலோ நெடுந்தொலைவில் உள்ளது. பின் இவ்வுவர்ப்பு ஏது? பச்சைத் தோல் அழுகாதிருக்க உப்பிட்டு அடுக்குவர். பதனிடுமுன் அவ்வுப்பைக் கழுவி நீக்குவர். நகரைச் சூழ்ந்த தோல் பதனிடும் சாலைகளின் கழிவுநீர் பல்லாண்டுகளாக நிலத்தில் இறங்கியது. 1996 ஆகஸ்டு 28 அன்று உச்ச நீதிமன்றம் தோல் கழிவுநீர் பற்றி வழங்கிய தீர்ப்பில் திண்டுக்கல் மாவட்டமும் இடம்பெற்றது. அத்தொழிலால் உலை வைத்த குடும்பங்கள் ஏராளம். அதனை மறந்து பேச நமக்கு மனம் வரவில்லை. ஆயினும், நீரில் கலந்த உப்பு காய்ச்சினாலும் போகாது. அந்நீரில் பருப்பு வேகாத துன்பத்தைத் தாய்மாரே அறிவர்.

கிணற்று உப்பு நம் கைமீறியது. அடுப்படி உப்போ நம் கையிலேயே இருக்கிறது. நாளொன்றுக்கு எல்லா உணவிலுமாக 5 கிராமுக்குக் குறைவாக, அதாவது ஒரு தேக்கரண்டிக்குள், உப்பு போதும் என்கிறது உலக நலவாழ்வு நிறுவனம். ஊறுகாய், அப்பளம், கருவாடு, மோர்மிளகாய் ஆகியவற்றையும் இக்கணக்கில் சேர்க்க வேண்டும். (நம் இலையில் ஊறுகாய்க்கு என்றும் ஓரிடம் இருந்ததை ஒப்புக்கொள்கிறோம்.) இந்துப்பு நல்லது என்போர் பலர், அதுவும் பெரும்பாலும் அதே சோடியம் உப்புதான். அயோடின் சேர்க்காத கல்லுப்பையே உண்போருக்கு அச்சத்துக் குறையும் நேரலாம்.

அண்மையில் ஒரு வீட்டில் மருமகள் பெருமையுடன் சொன்னார்: "சாமி, மாமாவுக்கு இரத்தக் கொதிப்புங்க. அதனாலே சோடியம் குறைஞ்ச உப்புதான் போடுறேன்." நமக்குத் திடுக்கிட்டது. அப்பெரியவருக்குச் சிறுநீரகமும் பழுதுபட்டிருந்தது. அவ்வகை உப்பில் சோடியத்தின் ஒரு பகுதிக்குப் பதிலாகப் பொட்டாசியம் சேர்க்கப்படுகிறது. நலமுள்ள சிறுநீரகம் மிகையானதை வெளியேற்றிவிடும். பழுதுற்றதால் அது இயலாது. இரத்தத்தில் பொட்டாசியம் மிகுந்தால் இதயமே நின்றுபோகலாம். 2025 சனவரியில் அந்நிறுவனம் வீட்டுச் சமையலுக்கு இவ்வுப்பைப் பரிந்துரைத்தபோதும், சிறுநீரக நோயாளர், கருவுற்ற தாய்மார், குழந்தைகள் ஆகியோருக்கு அது பொருந்தாது என விலக்கியது. இரத்தக் கொதிப்பு மாத்திரைகள் சிலவும் பொட்டாசியத்தை உயர்த்துவன. ஆகவே மருத்துவரைக் கேளாமல் இவ்வுப்பை மாற்றலாகாது.

மருமகள் அன்றே மருத்துவரிடம் சென்றார். பொட்டாசிய உப்பு நிறுத்தப்பட்டது. சாதாரண உப்பும் பாதியாயிற்று. அதற்கு ஈடாகச் சிறுமலை எலுமிச்சையின் சில துளிகளும், மிளகும், பூண்டும் இரசத்தில் ஏறின. சில வாரங்களில் நாக்கு பழகிவிடும் என்று நாமும் தேற்றினோம்.

மறுமாதம் சென்றபோது, "சப்புன்னுதான் இருக்கு சாமி" என்றார் பெரியவர். தட்டில் ஒரு பருக்கையும் மீதமில்லை.