ஊஞ்சலில் வந்த ஷேக்

பயந்த சுபாவம் உள்ளவர்கள் என்றால் நகைச்சுவைப் படங்களுக்கு இளக்காரம். கடைசி ரீலில் வீரர்களாக்கிவிடும். இல்லாவிட்டால் கடைசிவரை அடிவாங்க வைக்கும். இரண்டையும் செய்யாத படம் ஃபெலினியின் ‘வெள்ளை ஷேக்’. அவர் தனியாக இயக்கிய முதல் படம். 1952-இல் வந்து வசூலில் தோற்றது. அவருடைய பெயர்பெற்ற படங்களை எல்லாம் பார்த்த பிறகும் என் மனம் இதைத்தான் தேடிப் போகிறது.

வாண்டா சிற்றூர்ப் பெண். அதிர்ந்து பேசமாட்டாள். கல்யாணமான கையோடு கணவன் இவானுடன் ரோமுக்கு வருகிறாள். உறவினர் வீடு, போப்பாண்டவர் தரிசனம் என்று இவான் நேரம் குறித்து வைத்திருக்கிறான். அவள் பையிலோ தானே வரைந்த ஒரு படம் இருக்கிறது. புகைப்படத் தொடர்கதை நாயகனான வெள்ளை ஷேக்கின் படம். நடிகர்களுக்கு வேஷம் கட்டிப் புகைப்படம் எடுத்து, வசனத்தோடு அச்சிட்ட இந்தப் பத்திரிகைகள் போருக்குப் பிந்தைய இத்தாலியில் லட்சக்கணக்கில் விற்றன. 1949-இல் அன்டோனியோனி இவற்றைப் பற்றிக் குறும்படமே எடுத்தார். ஃபெலினி படத்தின் மூலக்கதையிலும் அவருக்குப் பங்குண்டு.

இவான் கண்ணயர்ந்த நேரத்தில், குளிக்கப் போவதாகச் சொல்லிவிட்டு வாண்டா நழுவுகிறாள். படத்தைக் கொடுத்துவிட்டு உடனே திரும்புவதுதான் எண்ணம். ஆனால் படப்பிடிப்புக் குழு அவளையும் ஏற்றிக்கொண்டு ஃபிரெஜேனே கடற்கரைக்குப் போய்விடுகிறது. அங்கே மரங்களுக்கிடையே, அண்ணாந்து பார்க்கும் உயரத்தில், ஊஞ்சலில் பாடியபடி ஆடிக்கொண்டிருக்கிறான் ஷேக். வெள்ளை அங்கி, தலைப்பாகை. இறங்கி வந்தால் கொஞ்சம் பூசினாற்போன்ற ஒரு சாதாரண ஆள். ஆல்பர்ட்டோ சோர்டி பிரமாதமாகச் செய்திருக்கிறார். வாண்டாவின் கண்ணுக்கு மட்டும் அவன் இன்னும் மேலேயே இருக்கிறான். படகில் அவன் முத்தமிட நெருங்கும்போது பாய்மரக் கட்டை தலையில் மோதுகிறது. கரையில் அவன் மனைவி காத்திருக்கிறாள். அறை விழுவது வாண்டாவுக்கு.

தொடர்கதைகளோடு வளர்ந்தவன் நான். அந்த அறை எனக்கும் வலித்தது. மானம் போனதென்று அன்றிரவு அவள் டைபர் நதியில் குதிக்கிறாள். தண்ணீர் ஆழமே இல்லை. சிரிப்பு வருகிறது, ஆனால் அவளைப் பார்த்தல்ல. சாவைக்கூடத் தொடர்கதையில் படித்தபடிதான் அவளுக்குத் தெரியும். அது அவள் குற்றமா? வேறு யாரும் அவளிடம் எதைப் பற்றியும் பேசியதில்லை.

படத்தின் உண்மையான கனவுக்காரன் இவான் என்பது என் கட்சி. மனைவியைக் காணவில்லை, கையில் ஷேக் அவளுக்கு எழுதிய கடிதம். உறவினரிடமோ அவளுக்கு உடம்பு சரியில்லை என்று சாதிக்கிறான். குடும்ப கௌரவம் அவனுடைய தொடர்கதை. ராத்திரி தெருவில் உட்கார்ந்து அழுபவனைத் தேற்றுகிறாள் கபீரியா என்ற விலைமாது. ஜூலியட்டா மசினா சில நிமிடங்களே வருகிறார். 1957-இல் அதே பாத்திரத்துக்காக ஃபெலினி தனிப்படம் எடுத்தார்.

மறுநாள் புனித பேதுரு சதுக்கத்தில் இருவரும் அவசரமாகப் போப்பாண்டவரைப் பார்க்க நடக்கிறார்கள். நான் தப்பு ஏதும் செய்யவில்லை என்கிறாள் அவள். நானும்தான் என்கிறான் அவன். இனி என் ஷேக் நீங்கள்தான் என்கிறாள். அப்போது இவானாக நடிக்கும் லியோபோல்டோ திரியெஸ்தேயின் முகத்தைப் பாருங்கள். பெருமையும் பயமும் கலந்த அந்த முழிக்காகவே படத்தை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.